நியமனத் தகைமையும் நீதிமன்றமும்

தொண்டை நாட்டு உத்தரமேரூரில், முதலாம் பராந்தக சோழனின் பன்னிரண்டாம் ஆட்சியாண்டிலும் பதினான்காம் ஆட்சியாண்டிலும் பொறிக்கப்பெற்ற கல்வெட்டுக்கள் இரண்டு உள. அவை கி. பி. 919, 921 ஆகிய ஆண்டுகளைச் சார்ந்தவை. ஊர் வாரியங்களுக்குக் குடவோலை வாயிலாக உறுப்பினரைத் தெரியுமிடத்து எத்தகையோர் பெயரை ஓலையில் எழுதலாம் என்பதை அவை வரையறுத்துக் கூறுகின்றன. இறை செலுத்தும் நிலம் கால் வேலிக்குக் குறையாது உடையராதல் வேண்டும். தம் மனையில் வீடு கட்டிக்கொண்டு வாழ்வோராதல் வேண்டும். வேதக் கல்வி உடையராதல் வேண்டும். ஒரு வேதத்திலும் ஒரு பாடியத்திலும் வல்லாராயின் அரைக்கால் வேலி நிலமே போதும் எனவும் அச்சாசனம் தளர்வு செய்கின்றது. கற்ற கல்வியைப் பாதி நிலத்திற்கு ஈடாக வைத்தெண்ணிய இவ்விதியை வரலாற்றாசிரியர் பலர் பாராட்டியுள்ளனர், பாராட்டத்தக்கதே. ஆயின் அவ்விரு சாசனங்களையும் அடுத்தடுத்து வைத்துப் படிப்பார்க்குப் பிறிதொன்றும் புலனாகும். முதற் சாசனம் வயதெல்லையை முப்பதுக்கு மேல் அறுபதுக்குள் எனக் கூற, இரண்டாஞ் சாசனம் முப்பத்தைந்துக்கு மேல் எழுபதுக்குள் என மாற்றிவிட்டது. 919 இல் முப்பத்தொரு வயதினனாய், நிலமும் மனையும் கல்வியும் உடையனாய் இருந்த ஒருவன் அன்று தகுதியுடையவன். 921 இல் அவன் தகுதியற்றவன். இடைப்பட்ட ஈராண்டில் அவன் கல்வி தேய்ந்ததுமில்லை, நிலம் குறைந்ததுமில்லை. விதி மாறிற்று; அவ்வளவே.

அரச பதவிகளுக்கும் கல்லூரி ஆசிரியப் பதவிகளுக்கும் வேண்டிய தகைமை பற்றி இக்காலத்தெழுந்த வழக்குக்களிற் பெரும்பாலன இவ்விடத்திலேயே பிறக்கின்றன. கற்றவர் யாவர், கற்பிக்க வல்லவர் யாவர் என்னும் வினாவை நீதிமன்றத்தார் தாமே ஆராய்ந்து தீர்த்ததாகக் காண்டல் அரிது. விதியை வகுக்கும் அதிகாரம் யாருடையது, அவ்விதி எந்நாள் தொட்டு யாரைக் கட்டும் என்னும் இரண்டையுமே அவர்கள் ஆராய்ந்தனர். சப்பிரகமுவ மாகாணத்துக் கேகாலை மாவட்டம் இவ்வகையில் இரு வழக்குக்களைத் தந்துள்ளது. இரண்டும் இலண்டன் மாநகரத்துக் கோமறைக் கழகம் வரை சென்றவை. அவற்றுள் ஒன்றேனும் கல்லூரி ஆசிரியப் பதவியைப் பற்றியதன்று. எனினும் அவ்விரண்டையும் அறியாது கல்லூரி நியமன வழக்குக்களின் நியாயத்தை முற்ற உணர்தல் இயலாது. மேலும், இரத்தினபுரி, கேகாலை மாவட்டத் தோட்டங்களிற் பிறந்த பிள்ளையொன்று ஆசிரிய ஆசனம் நோக்கி நடக்கும் வழி அவ்விரு தீர்ப்புக்களினூடாகவே செல்கின்றது.

முதலாவது, ருவன்வெல்லைத் தேர்தற்றொகுதியிற் பிறந்தது. 1948 ஆம் ஆண்டின் 18 ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டமும், குடியுரிமை உடையாரே வாக்காளராதல் கூடும் என்ற 1949 ஆம் ஆண்டின் 48 ஆம் இலக்கத் தேர்தற் சட்டத் திருத்தமும் தோட்டத் தமிழரைத் தேருநர் இடாப்பினின்றும் நீக்கின. ருவன்வெல்லை இடாப்பில் தம் பெயரைச் சேர்க்குமாறு கோடகன் பிள்ளை என்பார் விண்ணப்பித்தார். இடாப்பை மீளாய்வு செய்த அலுவலர், அச்சட்டங்கள் சோல்பரி யாப்பின் 29 ஆம் பிரிவுக்கு மாறானவையாதலின் செல்லா எனத் துணிந்து அவருக்குச் சார்பாகவே முடிவு கூறினார். 1951 இல் இலங்கை உயர் நீதிமன்றம் அம்முடிவை நீக்கிற்று. 1953 இல் கோமறைக் கழகமும் உயர் நீதிமன்றத்தின் பக்கமே நின்றது. தன் குடிகள் யாவர் என வரையறுத்தல் ஒரு நாட்டின் சட்டசபைக்கு இயல்பான தொழில் என்பதும், எழுத்தறிவு, சொத்து, பிறப்பு, வதிவு என்பனவற்றைத் தகைமைக்கு அளவுகோலாகக் கொள்ளல் அதற்குத் தக்கதே என்பதும் அத்தீர்ப்பின் சாரம். நேரே செய்யக்கூடாத ஒன்றைச் சட்டம் மறைமுகமாகச் செய்யுமாயின் அதுவும் செல்லாது என்னும் கொள்கையை அக்கழகம் ஒப்புக்கொண்டது. ஆயின் இவ்வழக்கில் அத்தகைய நோக்கம் காட்டப்படவில்லை என்றது.

இத்தீர்ப்பு வாக்குரிமை பற்றியதாகவே பொதுவிற் பேசப்படுகின்றது. அதன் நிழல் அதனினும் நெடிது. அரச சேவை நியமனங்களுக்குக் குடியுரிமை அடிப்படைத் தகைமையாதலின், குடியுரிமையற்றார் வீட்டுப் பிள்ளை எத்துணைப் படித்தும் அரசினர் பாடசாலையிற் பதவி பெறுதற்கு வாயிலில்லை. 1960, 1961 ஆம் ஆண்டுச் சட்டங்களால் உதவி நன்கொடைப் பாடசாலைகள் பல அரசுடைமையானபோது தோட்டப் பாடசாலைகள் அவ்வேற்பில் அடங்கவில்லை. ஆகவே தோட்டத்துப் பிள்ளை படித்த பள்ளியும், படித்து முடித்தபின் அதற்குக் கிடைத்த வேலையும் தோட்ட எல்லைக்குள்ளேயே நின்றன. 1964 ஒக்டோபர் 30 ஆம் நாளின் சிறிமா – சாஸ்திரி உடன்படிக்கையும் 1974 ஆம் ஆண்டின் பிற்சேர்க்கையும் மக்களை எண்ணிக்கையால் இரு நாடுகளுக்கும் பகிர்ந்தன. எஞ்சியோர்க்குக் குடியுரிமை வழங்கும் சட்டங்கள் 1988 இலும் 2003 இலுமே நிறைவேறின. 1948 இற் பிறந்த பிள்ளைக்கு 2003 இல் வயது ஐம்பத்தைந்து.

இரண்டாம் வழக்கே இக்கட்டுரைக்கு நடுநாயகமானது. செல்லையா கோடீஸ்வரன் 1952 இல் அரசாங்க எழுதுவினைஞர் சேவையிற் சேர்ந்தவர். 1959 இல் அச்சேவையின் நிறைவேற்று வகுப்பிற்கு உயர்வு பெற்றார். கேகாலைக் கச்சேரியிற் கடமையாற்றினார். அவர் சேவையிற் புகுந்தபோது அலுவல் மொழி ஆங்கிலம். சிங்கள மொழித் தேர்ச்சி அன்று நிபந்தனையாயிருக்கவில்லை. 1956 ஆம் ஆண்டின் 33 ஆம் இலக்கச் சட்டம் சிங்களத்தை அரசகரும மொழியாக்கிற்று. 1961 டிசம்பர் 4 ஆம் நாள் வெளியான 560 ஆம் இலக்கத் திறைசேரிச் சுற்றறிக்கை, முன்னரே சேவையில் உள்ள அலுவலரும் சிங்களத் தேர்ச்சிப் பரீட்சையிற் சித்தியெய்துதல் வேண்டும் என்றும், எய்தாதார்க்கு வருடாந்தச் சம்பள ஏற்றம் நிறுத்தப்படும் என்றும் விதித்தது. கோடீஸ்வரன் பரீட்சைக்குத் தோற்றவில்லை. 1962 ஏப்ரலில் அவருக்கு உரிய சம்பள ஏற்றம் நிறுத்தப்பட்டது.

அவர் கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தார். கோரிய பணம் சிறிது. எழுப்பிய வினா பெரிது. சம்பள ஏற்றம் நிறுத்தப்பட்டமைக்கு அடிப்படை சுற்றறிக்கை. சுற்றறிக்கைக்கு அடிப்படை மொழிச்சட்டம். அம்மொழிச்சட்டமோ எந்த ஓர் இனத்தார்க்கும் பிறர்க்கில்லாத இடரையோ சலுகையையோ விதிக்கலாகாது என்னும் யாப்பின் 29 ஆம் பிரிவுக்கு முரணானது. ஆதலின் அதன்மேற் கட்டிய யாவும் விழும் என்பது வாதம். 1964 இல் மாவட்ட நீதிபதி ஓ. எல். டி கிறெற்சர் இவ்வாதத்தை ஏற்று, மொழிச்சட்டம் செல்லாது எனவே தீர்ப்பளித்தார். பாராளுமன்றத்தின் முதன்மைச் சட்டமொன்றைக் கீழ் நீதிமன்றமொன்று செல்லாததாக்கிய அந்நிகழ்ச்சி நாடெங்கும் பேசப்பட்டது.

மேன்முறையீட்டில் அரசின் சட்டத்தரணிகள் வேறொரு வாயிலைத் திறந்தனர். முடிக்குரிய ஊழியன் தன் சம்பளத்துக்காக முடியின்மீது வழக்கிடல் கூடாது. ஆகவே மொழிச்சட்டத்தை ஆராயும் நிலையே இவ்வழக்கில் எழவில்லை என்றனர். பிரதம நீதியரசர் எச். என். ஜி. பெர்னாண்டோவைத் தலைவராகக் கொண்ட உயர் நீதிமன்றம் 1967 இல் இதனை ஏற்றது. மொழிச்சட்டம் பற்றிய வினாவைத் தீர்க்காமலே வழக்கு முடிந்தது. கோமறைக் கழகம் 1969 டிசம்பரில் இத்தீர்ப்பை நீக்கிற்று. டிப்லொக் பிரபு எடுத்துரைத்த அத்தீர்ப்பின்படி, இலங்கைச் சட்டத்தில் அரச ஊழியனுக்கும் முடிக்கும் இடையே உள்ள தொடர்பு ஒப்பந்தத் தொடர்பேயாம். உழைத்து ஈட்டிய சம்பளத்தை அவன் வழக்கிட்டுப் பெறலாம். ஆயின் மொழிச்சட்டம் யாப்புக்கு மாறானதா என்பதைக் கோமறைக் கழகமும் தானே தீர்க்கவில்லை. அதனை ஆராயுமாறு வழக்கை இலங்கை உயர் நீதிமன்றத்துக்கே திருப்பி அனுப்பிற்று.

திரும்பிய வழக்கு தீரவில்லை. 1971 இற் கோமறைக் கழகத்துக்கான மேன்முறையீடு ஒழிக்கப்பட்டது. 1972 மே 22 இல் வந்த குடியரசு யாப்பு 29 ஆம் பிரிவைக் கைவிட்டது. சிங்களத்தை அரசகரும மொழியாக யாப்பிலேயே எழுதியது. நிறைவேறிய சட்டத்தை நீதிமன்றம் ஆராய்ந்து தள்ளும் அதிகாரத்தையும் நீக்கியது. பத்தாண்டு வழக்கின் வினா, விடை பெறாமலே வினாத்தாளோடு மறைந்தது எனலாம். தமிழும் அரசகரும மொழி என 1987 ஆம் ஆண்டின் பதின்மூன்றாந் திருத்தம் கூறியது பின்வரலாறு.

கோடீஸ்வரன் வழக்கினை மொழியுரிமை வழக்கெனவே யாவரும் நினைவு கூர்வர். அதனுள்ளே பதவித் தகைமை பற்றிய நியாயம் ஒன்று கிடப்பதைக் காண்போர் சிலரே. ஒருவன் பதவியிற் புகுந்தபின் புதியதொரு தகைமையை விதித்தால், அவன் குறைந்தபட்சம் நீதிமன்ற வாயிலில் நிற்கும் உரிமையுடையன் என்பதே 1969 ஆம் ஆண்டுத் தீர்ப்பு உறுதிப்படுத்திய பொருள். நியமனக் கடிதம் கையில் இருந்தமையாலேயே அவருக்கு அந்நிலை கிட்டிற்று. நியமனம் பெறாதவன், ஆயின் நியமனத்தை நோக்கி ஆண்டுக்கணக்காகப் படித்துக்கொண்டிருப்பவன், இடையில் விதி மாறினால் யாதுசெய்வான்? இவ்வினாவுக்கு விடை கேகாலையிலன்று, பாக்குநீரிணைக்கு அப்பால், கல்லூரி ஆசிரியர் வழக்குக்களிலேயே எழுந்தது. 1964 ஆம் ஆண்டு உடன்படிக்கையின்படி இத்தீவின் தோட்டங்களினின்றும் நீலகிரி முதலிய இடங்களிற் சென்று குடியேறியோரின் பிள்ளைகள் பயின்ற கல்லூரிகளையும் அவ்விதிகள் ஆண்டன. ஆதலின் அது முற்றிலும் அயலார் கதையுமன்று.

அங்குச் செல்லுமுன் பெயர்க்குழப்பம் ஒன்றைத் தெளிதல் நன்று. இலங்கையில் உயர் நீதிமன்றம் என்பது நாட்டின் தலைமை நீதிமன்றம். இந்தியாவில் அதனை உச்ச நீதிமன்றம் என்பர். மாநிலந்தோறும் உள்ளதே அங்கு உயர் நீதிமன்றம்.

இந்திய வழக்குக்களுள் மூத்தது மைசூர்ப் பல்கலைக்கழகத்தது. 1959 இல் அப்பல்கலைக்கழகம் பேராசிரியர், ரீடர் பதவிகளுக்கு விளம்பரம் செய்தது. இந்தியப் பல்கலைக்கழகமொன்றின் முதுகலைப் பட்டத்தில் முதல் வகுப்போ உயர்ந்த இரண்டாம் வகுப்போ பெற்றிருத்தல், அன்றேல் அதற்கீடான அயல்நாட்டுத் தகைமை உடையராதல் என்பது நிபந்தனைகளுள் ஒன்று. ஆங்கில ஆய்வு ரீடராக நியமனம் பெற்றவர் இந்திய முதுகலைத் தேர்வில் நூற்றுக்கு 50.2 புள்ளியே பெற்றவர். ஆயின் இங்கிலாந்தின் டர்ஹம் பல்கலைக்கழக முதுகலைப் பட்டமும் உடையவர். கோவிந்த ராவ் என்பார், எவ்வதிகாரத்தால் இப்பதவியை வகிக்கின்றீர் என வினவும் எழுத்தாணையை வேண்டி மைசூர் உயர் நீதிமன்றத்தை நாடினார். ஐம்பதைச் சற்றே தாண்டிய புள்ளி உயர்ந்த இரண்டாம் வகுப்பாகாது என்று கூறி அம்மன்றம் நியமனத்தை நீக்கிற்று. 1963 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் அதனை மாற்றியது. டர்ஹம் பட்டம் ஈடான தகைமையா என்பதைத் துறை வல்லுநர் அடங்கிய தேர்வுச்சபை எண்ணிப் பார்த்திருக்கின்றது. அச்சபைமீது தீய நோக்கம் கற்பிக்கப்படவில்லை. கல்வித்துறை வல்லாரின் கருத்தில் நீதிமன்றம் எளிதில் தலையிடலாகாது என்பது நீதியரசர் கஜேந்திரகட்கரின் தீர்ப்பு. ‘உயர்ந்த’ என்னும் ஒரு சொல்லுக்கு அளவென்ன என்ற பூசலை நீதிமன்றத்தினின்றும் பல்கலைக்கழக மண்டபத்துக்கே அனுப்பிவைத்த தீர்ப்பு அது. பின்வந்த நியமன வழக்குக்கள் பலவற்றில் அது மேற்கோளாயிற்று.

இத்தீர்ப்பு பல்கலைக்கழகங்களின் கையை வலுப்படுத்திற்று என்பதில் ஐயமில்லை. வல்லுநர் சபைகள் எல்லாம் நடுநிலை தவறாதவை என எண்ணுதற்கில்லை. தம்மவர்க்கு வாயில் திறக்கும் சபைகளும் உண்டு. அவ்வச்சமே தேசியத் தேர்வொன்றுக்கு வித்தாயிற்று போலும். 1956 ஆம் ஆண்டுச் சட்டத்தால் அமைந்த பல்கலைக்கழக மானியக்குழு, ஆசிரியர்க்கு வேண்டிய தகைமைகளை ஒழுங்குவிதியால் வரையறுக்கும் அதிகாரமுடையது. தேசியத் தகுதித் தேர்வு 1989 இல் தொடங்கிற்று. 1991 செப்டெம்பரில் வெளியான ஒழுங்குவிதி, விரிவுரையாளர் ஆக விரும்புவோர் முதுகலைப் பட்டத்தோடு அத்தேர்விலும் சித்தியெய்துதல் வேண்டும் என்றது. டெல்லிப் பல்கலைக்கழகம் இதனை எதிர்த்து நின்றது. 1994 இல் உச்ச நீதிமன்றம், ஒழுங்குவிதி செல்லும் எனினும் பல்கலைக்கழகம் அதைப் பின்பற்றாதொழியலாம், ஒழிந்தால் மானியம் இழக்க நேரிடும் என நடுவழி ஒன்று கண்டது. கட்டாயமுமன்று, விருப்பமுமன்று என்னும் இந்நிலை நெடுநாள் குழப்பத்துக்கு இடந்தந்தது.

குழப்பத்தை மிகுவித்தவை விதிவிலக்குக்கள். குறித்ததொரு நாளுக்கு முன் ஆய்வியல் நிறைஞர் பட்டம் முடித்தவர்க்கும் கலாநிதிப் பட்ட ஆய்வேட்டைச் சமர்ப்பித்தவர்க்கும் தேர்வு வேண்டா என முதலிற் கூறினர். 2000 ஆம் ஆண்டு ஒழுங்குவிதி 1993 டிசம்பர் 31 ஐ எல்லையாக வைத்தது. பின்னர் 2002 இல் ஆய்வேட்டுக்குரிய எல்லை தள்ளப்பட்டது. 2006 இல் விலக்கு மேலும் விரிந்து, ஆய்வியல் நிறைஞர் இளங்கலை வகுப்புக்களுக்கும் கலாநிதிகள் எல்லா வகுப்புக்களுக்கும் தேர்வின்றியே தகுதி பெற்றனர். தமிழ்நாட்டில் ஆயிரக்கணக்கானோர் இந்நம்பிக்கையில் ஆய்வியல் நிறைஞர் வகுப்பிற் சேர்ந்தனர். கட்டணம் கட்டினர், ஏடு எழுதினர், உறுதியற்ற தொகுப்பூதியத்தில் கல்லூரிகளிற் கற்பித்துக்கொண்டு நிலையான பதவிக்குக் காத்திருந்தனர்.

2009 ஜூலை 11 இல் விதி மீண்டும் மாறிற்று. அவ்வாண்டின் புதிய கலாநிதிப் பட்ட ஒழுங்குவிதிக்கு இணங்கப் பட்டம் பெற்றோர்க்கே இனி விலக்கு. ஆய்வியல் நிறைஞர்க்கு இல்லை. பழைய முறையிற் பட்டம் பெற்ற கலாநிதிகளும் வாயிலுக்கு வெளியே நின்றனர். 2010 ஜூன் ஒழுங்குவிதியும் இதனையே உறுதி செய்தது. உத்தரமேரூர்ச் சபையார் ஈராண்டிற் செய்ததை மானியக்குழுவினர் மூவாண்டிற் செய்தனர்.

வழக்குக்கள் பல மாநிலங்களில் எழுந்தன. சென்னை உயர் நீதிமன்றம் 2010 டிசம்பரில் புதிய விதி செல்லும் என்றது. டெல்லி, இராஜஸ்தான் நீதிமன்றங்களும் அவ்வாறே கூறின. அலகாபாத் உயர் நீதிமன்றம் மட்டும் 2012 ஏப்ரலில் பழைய கலாநிதிகளுக்குச் சார்பாக நின்றது. யாவும் ஒன்றுசேர்ந்து, பி. சுசீலா எதிர் பல்கலைக்கழக மானியக்குழு என்னும் பெயரால் உச்ச நீதிமன்றத்தை அடைந்தன. மனுதாரர் வாதம் இரு வகைத்து. நடைமுறையில் இருந்த விதியை நம்பிப் படித்தவரை இடையிற் கைவிடல் நியாயமான எதிர்பார்ப்பைச் சிதைப்பதாகும் என்பது ஒன்று. மானியக்குழுவே 2010 இல் தன் கூட்டங்களிற் பழைய பட்டதாரிகட்கு விலக்களிக்கத் தீர்மானித்ததாகலின், மத்திய அரசு அதனை மறுத்தல் முறையன்று என்பது மற்றொன்று.

2015 மார்ச் 16 இல் நீதியரசர் நரிமன் எழுதிய தீர்ப்பு இரண்டையும் தள்ளியது. தேசிய நோக்கம் பற்றிய கொள்கை வினாக்களில் மத்திய அரசின் பணிப்புக்கு மானியக்குழு கட்டுப்பட்டது எனச் சட்டமே கூறுகின்றது. இனி, தகைமை என்பது நியமனத்துக்கு ஆராயப்படுதற்கான தகுதியே. நியமனம் பெறும் வரை எவர்க்கும் உறுதிப்பட்ட உரிமை பிறப்பதில்லை. ஆகவே புதிய விதி பழைய உரிமை எதனையும் பறிக்கவில்லை, வருங்காலத்தையே நோக்கியது. இவ்வாறு சென்றது நியாயம்.

கேகாலை எழுதுவினைஞர் வழக்கையும் இத்தீர்ப்பையும் அருகருகே வைத்து நோக்குவார்க்கு இரண்டும் ஒரே கோட்டின் இரு புறமும் நிற்றல் தெளிவு. கோடு நியமன நாள். அந்நாளுக்கு அப்பால் நிற்பவனுக்கு ஒப்பந்தமும் வழக்குரிமையும் உண்டு. இப்பால் நிற்பவன் பத்தாண்டு படித்திருப்பினும் சட்டத்தின் கண்ணுக்கு அவன் கையில் ஒன்றுமில்லை. சட்டநூல் நோக்கிற் பிழை காண்டல் அரிது. ஒவ்வொரு மாணவனின் நம்பிக்கையும் உரிமையாகுமெனின் எவ்விதியையும் எக்காலத்தும் திருத்தல் இயலாது. ஆயின் அக்கோட்டை அடையும் வழி எல்லார்க்கும் ஒரே நீளத்ததன்று என்பதைச் சட்டம் காணவில்லை. நகரத்துப் பிள்ளை பாடசாலையினின்று பல்கலைக்கழகமும் அதனின்று ஆய்வும் என இடைவெளியின்றி ஏறிச்செல்லும். எட்டியாந்தோட்டையிலோ காவத்தையிலோ தோட்டமொன்றிற் பிறந்த பிள்ளை உயர்தரம் படிக்க வேறு ஊருக்குச் செல்லும். பலமுறை விட்டு விட்டுப் படிக்கும். தொழில் பார்த்துக்கொண்டே வெளிவாரிப் பட்டம் பெறும். வழி நீள நீள, நடுவில் விதி மாறும் வாய்ப்பும் பெருகும். இடையில் வரும் விதி எல்லாரையும் ஒப்பவே கட்டுவதாகத் தோன்றும். உண்மையிற் பிந்தி நடப்பவனையே அது பெரிதும் பிடிக்கின்றது.

வெளிவாரிக் கல்வி பற்றியும் இந்திய நீதிமன்றம் கூறியதொன்று உண்டு. அண்ணாமலைப் பல்கலைக்கழகம், முதற்பட்டம் இல்லாதார்க்கும் திறந்த பல்கலைக்கழக முறையில் முதுகலைப் பட்டம் வழங்கி வந்தது. அவ்வாறு பெற்ற பட்டத்தின் வலிமையிற் சென்னைத் திரைப்படக் கல்வி நிறுவனத்தின் முதல்வரான ஒருவரின் நியமனம் வழக்காயிற்று. மூன்றாண்டு முதற்பட்டம் இன்றி முதுகலைப் பட்டம் வழங்குதல் மானியக்குழுவின் 1985 ஆம் ஆண்டு ஒழுங்குவிதிக்கு மாறானது, ஆதலின் அப்பட்டம் அப்பதவிக்குத் தகைமையாகாது என்று 2009 பெப்ரவரியில் உச்ச நீதிமன்றம் தீர்த்தது. பட்டத்தை வழங்கியது பல்கலைக்கழகம். அதன் விளைவைச் சுமந்தோர் அதனை நம்பிக் கற்றோர். தொலைக்கல்வி முழுவதையும் அத்தீர்ப்பு தள்ளிவிட்டதாகச் சிலர் பேசுவது மிகை. முதற்பட்டத்தின் மேல் முறைப்படி பெற்ற முதுகலைப் பட்டத்தை அது தொடவில்லை.

சுசீலா வழக்கின் பின்கதை இன்னும் வியப்புக்குரியது. நீதிமன்றத்தில் வென்ற விதியை மறு ஆண்டிலேயே விதித்தவரே தளர்த்தினர். 2009 ஜூலை 11 இற்கு முன் கலாநிதிப் பட்டத்துக்குப் பதிவு செய்தவர், முறையான வழியிற் படித்தல், வெளித்தேர்வாளர் இருவர், பொது வாய்மொழித் தேர்வு, கட்டுரை வெளியீடு முதலிய ஐந்து நிபந்தனைகளை நிறைவு செய்தாராயின் தேர்வின்றித் தகுதியுடையர் என 2016 ஆம் ஆண்டுத் திருத்தம் கூறிற்று. 2018 இல் வந்த விதி, பல்கலைக்கழகத் துறைகளில் உதவிப் பேராசிரியர்க்குக் கலாநிதிப் பட்டம் 2021 ஜூலை முதற் கட்டாயம் என்றது. அந்நாள் 2023 ஜூலைக்குத் தள்ளப்பட்டது. அந்நாள் வந்தபோது கட்டாயமே கைவிடப்பட்டுத் தகுதித் தேர்வு குறைந்தபட்சத் தகைமையாயிற்று. 2022 நவம்பர் ஒழுங்குவிதியோடு ஆய்வியல் நிறைஞர் பட்டமே நிறுத்தப்பட்டது. 2006 இல் வாயிலாகத் திறந்த ஒன்று பதினாறாண்டில் சுவராகிவிட்டது.

இலங்கைப் பல்கலைக்கழகங்களில் நியமன முறை 1978 ஆம் ஆண்டின் 16 ஆம் இலக்கப் பல்கலைக்கழகச் சட்டத்தையும், மானியங்கள் ஆணைக்குழுவின் சுற்றறிக்கைகளையும், அவற்றுள்ளும் 1997 ஆம் ஆண்டின் 721 ஆம் இலக்கச் சுற்றறிக்கையையும் அடியாகக் கொண்டு வளர்ந்தது. தகுதிகாண் விரிவுரையாளர்க்குச் சிறப்புப் பட்டத்தில் உயர்ந்த வகுப்பே முதன்மைத் தகைமையாதலின், வெளிவாரியாகப் பொதுக் கலைமாணிப் பட்டம் பெற்றவர் அவ்வாயிலை நேரே அடைதல் அரிது. பலாங்கொடைக்கு அப்பால் பெலிகுல்லோயாவிற் சப்பிரகமுவப் பல்கலைக்கழகம் நிற்கின்றது. சூழவுள்ள தோட்டங்களினின்று அதன் விரிவுரை மேடைக்குச் செல்லும் பாதை, பேருந்துப் பாதையினும் மிக நெடிது. நியமனத்தால் இடருற்றோர் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை வேண்டலாம். பல்கலைக்கழக ஊழியர்க்குப் பல்கலைக்கழகச் சேவைகள் மேன்முறையீட்டுச் சபையும் உண்டு. சமத்துவ உரிமை மீறப்பட்டதெனின் 1978 ஆம் ஆண்டு யாப்பின் 126 ஆம் உறுப்புரைப்படி உயர் நீதிமன்றத்துக்கு ஒரு மாதத்துள் மனுச் செய்தல் வேண்டும். கொழும்பில் வாழ்வார்க்கு ஒரு மாதம் போதும். தெரணியகலைத் தோட்டத்தினின்று புதுக்கடைக்கு வந்து, சட்டத்தரணியைக் கண்டு, பத்திரங்களைத் திரட்டுவார்க்கு அது குறுகிய காலமே.

தோட்டப் பாடசாலைகளின் நிலையோ இதற்கு நேர்மாறான முடிச்சையுடையது. 1972, 1975 ஆம் ஆண்டுக் காணிச் சீர்திருத்தங்களின் பின், எழுபதுகளின் இறுதி தொட்டு அப்பாடசாலைகள் படிப்படியாக அரசுடைமையாயின. பட்டதாரிகளும் பயிற்றப்பட்ட ஆசிரியரும் அங்குப் போதிய அளவிற் கிட்டாமையால், தகைமையைத் தளர்த்தியே ஆள் சேர்க்க வேண்டியதாயிற்று. தளர்த்தாவிடிற் பிள்ளைகளுக்கு ஆசிரியர் இல்லை. தளர்த்தினால் அவர்களுக்குக் கிடைப்பவர் பயிற்சி பெறாத ஆசிரியர். உயர்ந்த விதி ஒருபுறம் தோட்டத்துப் பட்டதாரியைக் கல்லூரி வாயிலில் நிறுத்த, தளர்ந்த விதி மறுபுறம் தோட்டத்து மாணவனைக் குறைந்த கல்வியோடு அனுப்புகின்றது. இரண்டாவதே முதலாவதற்கு வித்து என்பதை நியமன விதி வகுப்போர் எண்ணியதாகத் தெரியவில்லை.

2015 இல் சப்பிரகமுவ உட்பட்ட மாகாணங்களின் பெருந்தோட்டப் பாடசாலைகளுக்கு ஆசிரிய உதவியாளர் பெருந்தொகையாக நியமிக்கப்பட்டனர். க. பொ. த. உயர்தரச் சித்தியே அவர்களுக்கு வேண்டிய தகைமை. பயிற்சிக் கலாசாலையிற் பயிற்சி முடித்த பின்னரே இலங்கை ஆசிரியர் சேவையில் உள்வாங்கப்படுவர் என்பது நிபந்தனை. அதுவரை அவர்கள் முழுநேரமும் வகுப்பில் நின்று கற்பித்தனர். பெயர் உதவியாளர், வேலை ஆசிரியர் வேலை. அவர்களுக்குத் தொடக்கத்தில் வழங்கப்பட்ட படி மாதம் 6,000 ரூபாய். பின்னர் அது 10,000 ரூபாயாயிற்று.